வரிசையில் நின்ற கோரை

செத்துப்போனவனை விசாரிப்பது சுலபம். அவனைப் பெற்றவளை விசாரிப்பதுதான் கஷ்டம். அதுவும் அவள் நம்மைக் கயிற்றுக் கட்டிலில் உட்காரவைத்து, சொம்பு நிறைய மோர் கொண்டுவந்து, "வெயில்ல வந்திருக்கீங்க, மொதல்ல குடிங்க" என்று சொன்னால் கேள்வி தொண்டையிலேயே நின்றுவிடும்.

அம்சம் சொம்பை இடது கையால் நீட்டினார். நீட்டிய பிறகுதான் நினைவு வந்து, வலது கைக்கு மாற்றி மறுபடி நீட்டினார்.

"கோவிச்சுக்காதீங்க தம்பி. பொறந்ததுலேந்து எனக்கு நொட்டாங்கைப் பழக்கம். நடவுக்குப் போனாக்கூட என்னைய வரப்போரமாத்தான் நிறுத்துவாங்க. நடுவுல நின்னா பக்கத்துல உள்ளவ முழங்கைய இடிச்சுருவேன்."

எங்கள் பாய்க்கு இரண்டு கையுமே பழக்கமில்லை, எல்லா வேலைக்கும் நான்தான் என்றேன். அம்சம் லேசாகச் சிரித்தார். கபீர் பாய் சிரிக்கவில்லை. அவர் சுவரில் மாலை போட்டிருந்த படத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். பட்டமளிப்பு அங்கியில் ஒரு பையன். பெயர் இளையபெருமாள். வேப்பங்குடியில் முதன்முதலில் இன்ஜினீயர் ஆனவன்.

அவசரமாக உள்ளே வந்தவர்களுக்காக எங்களைப் பற்றி ஒரு வார்த்தை. அஹமது கபீர் விமானப்படையில் ரேடியோ பிரிவில் இருந்துவிட்டு வந்து, கும்பகோணத்தில் ஒரு ஜவுளிக்கடை மாடியில் துப்பறியும் ஆபீஸ் போட்டவர். நான் அரசப்பன், அவருடைய உதவியாளன். லாம்பி ஸ்கூட்டர் ஓட்டுவது, டீ வாங்கி வருவது, அவர் யோசிக்கும்போது வாயை மூடிக்கொண்டிருப்பது ஆகியவை என் பொறுப்பு. கடைசி வேலைக்கு நான் லாயக்கில்லை என்று அவரே பலமுறை சர்டிபிகேட் கொடுத்திருக்கிறார்.

இனி வழக்கு. பூதலூருக்கு மேற்கே பொட்டலில் முள்கம்பி வேலி போட்ட ஓர் ஆய்வுக்கூடம் இருக்கிறது. வாசலில் போர்டு கிடையாது. உள்ளே ராணுவத்துக்காக ஆளில்லாமல் பறக்கிற ஒரு சின்ன விமானத்தைச் செய்துகொண்டிருந்தார்கள். எல்லையில் நம் பையன்கள் உயிரைப் பணயம் வைத்து எட்டிப் பார்க்கிற இடத்தை, இது போய்ப் பார்த்துவிட்டுத் திரும்பும். அதற்கு வழி சொல்கிற மூளை, நெல் அளக்கிற மரக்கால் அளவுக்கு ஒரு பெட்டி. வெளிநாட்டுக்காரன் அந்தப் பெட்டியை நமக்கு விற்க மாட்டேன் என்று சொன்ன பிறகு, நாமே செய்துகொள்வோம் என்று உட்கார்ந்து செய்தவன் இளையபெருமாள்.

போன புரட்டாசியில் சோதனை வைத்தார்கள். மழை மேகத்துக்குள் போன விமானம் வானத்திலேயே உடைந்தது. உடல் பாகம் குடமுருட்டிக் கரை மூங்கில் புதரில் கிடைத்தது. மூளைப்பெட்டியைக் காணோம். எங்கே விழுந்திருக்கும் என்று கணக்குப் போட்டவனும் இளையபெருமாள்தான். காற்று, உயரம், வேகம் எல்லாவற்றையும் கூட்டிக் கழித்து வேப்பங்குடி என்றான், தன் சொந்த ஊரை. தேடும் ஆட்கள் புறப்படுவதற்குள் லீவு போட்டு ஊருக்கு வந்துபோனான். திரும்பியதும், என் கணக்கு தப்பு, வேப்பங்குடியில் தேட வேண்டாம், ஆற்றில்தான் விழுந்திருக்கும் என்று எழுதிக் கொடுத்தான்.

ஆற்றைச் சல்லடை போட்டுச் சலித்தார்கள். ஒன்றும் கிடைக்கவில்லை. அப்புறம்தான் ஒருத்தருக்கு மூளை வேலை செய்தது. ஏன் கணக்கை மாற்றினான்? ஊருக்குப் போய்ப் பெட்டியை எடுத்து யாருக்கோ கொடுத்துவிட்டான், அதனால்தான் என்று முடிவு கட்டினார்கள். அந்த 'யாருக்கோ' என்ற இடத்தில் பொருத்துவதற்கு ஓர் ஆளும் கிடைத்தான். இளையபெருமாளோடு ஒன்றாய்ப் படித்த இப்ராஹிம், துபாய்க்குப் போய்த் திரும்பித் தஞ்சாவூரில் ரேடியோ ரிப்பேர் கடை வைத்திருந்தவன். இப்போது திருச்சி ஜெயிலில் இருக்கிறான். இளையபெருமாளை நாள்கணக்கில் ஓர் அறையில் உட்காரவைத்துக் கேள்வி கேட்டார்கள். ஒருநாள் விடிகாலை அவன் பூதலூர் ஸ்டேஷன் தாண்டித் தண்டவாளத்தில் கிடந்தான்.

இப்ராஹிமின் மனைவி சஃபியாதான் எங்களிடம் வந்தாள். என் வீட்டுக்காரரை வெளியே கொண்டுவாருங்கள் என்று மட்டும் அவள் கேட்கவில்லை. செத்தவர் மேல் பழி போட்டு இவரை வெளியே எடுக்காதீர்கள், அவர் எங்கள் வீட்டுச் சோறு தின்று வளர்ந்தவர் என்றும் சொன்னாள். அந்த இரண்டாவது வாக்கியத்துக்காகத்தான் பாய் வழக்கை எடுத்துக்கொண்டார்.

அம்சத்திடம் வந்த காரணம் ஒரே ஒரு கேள்வி. இளையபெருமாள் ஏன் கணக்கை மாற்றினான்?

அம்சத்துக்கு மகன் என்ன வேலை பார்த்தான் என்றே தெரியாது. ரேடியோ கம்பெனியில் உத்தியோகம் என்று சொல்லியிருக்கிறான். பெற்ற தாயிடமும் வாயைத் திறக்க மாட்டேன் என்று கையெழுத்துப் போட்டுவிட்டு உள்ளே போனவன் அவன். செத்த பிறகு வந்த அதிகாரிகளும் ஏதோ சாமான் காணோம் என்று மட்டும்தான் சொல்லியிருக்கிறார்கள். ஆனால் ஊர் வாயை மூட உலைமூடி உண்டா? டீக்கடையில் அவனை நாட்டை விற்றவன் என்று பேசிக்கொண்டிருந்தார்கள்.

"நாட்டையே வித்துட்டானாம், தம்பி" என்றார் அம்சம். "நாட்ட விக்கிறதுக்கு அவன்கிட்ட பட்டாவா இருந்துச்சு? இந்தா, அப்பன் காலத்துலேந்து உழுத நெலத்துக்கே எங்களுக்குப் பட்டா கெடைக்கல."

அந்த நிலத்தின் கதை ஊருக்கே தெரியும். அம்சத்தின் கணவர் காலமெல்லாம் குத்தகைக்கு உழுத வயல். குத்தகைச் சட்டம் வந்ததும் மிராசுதார் அதைத் தன் மருமகன் பேருக்கு மாற்றிவிட்டு, இவர்களை வெளியேறச் சொன்னார். சங்கத்துக்காரர்கள் சிவப்புக் கொடி நட்டார்கள். மிராசுதார் முள்வேலி போட்டார். உழுபவனுக்கே நிலம் என்று ஆளுங்கட்சியும் சொன்னது, எதிர்க்கட்சியும் சொன்னது. இரண்டும் கறுப்பு சிவப்புக் கொடிதான். கடைசியில் தீர்ப்பு வரும்வரை இரண்டு தரப்பிலும் யாரும் வயலில் கால் வைக்கக் கூடாது, வைத்தால் அந்தத் தரப்பு கேஸே போய்விடும் என்று தடை உத்தரவு வந்தது. அம்சத்தின் கணவர் அந்தத் தீர்ப்புக்குக் காத்திருந்தபடியே போய்ச் சேர்ந்தார். மகனும் போன பிறகு அம்சத்துக்கு மிச்சம் இருந்தது, வழக்காகவே நின்ற அந்த வயல்தான்.

லீவில் வந்த அன்று மகன் என்ன செய்தான் என்று பாய் கேட்டார். வந்தான், வாய்க்கால் கரையில் நின்று வயலைப் பார்த்தான், சாப்பிட்டான், போய்விட்டான் என்றார் அம்சம்.

"ஏதாவது கேட்டாராம்மா?"

"ஒண்ணும் கேக்கலைங்க" என்றவர், கன்றுக்குட்டி அவிழ்ந்துவிட்டது என்று எழுந்து போனார். கன்றுக்குட்டி கட்டியபடியேதான் நின்றது. நான் அதைக் கவனித்தேன், ஆனால் மனசில் வாங்கவில்லை. அழுகையை மறைக்கப் போகிறார் என்று நினைத்தேன்.

வாய்க்கால் கரைக்கு நடந்தோம். தை மாதம். சுற்றிலும் சம்பா முற்றி, கண்ணுக்கெட்டிய தூரம் மஞ்சளாய்ச் சாய்ந்து கிடந்தது. அறுப்பு ஆட்களின் சத்தம் தூரத்தில் கேட்டது. நடுவில் ஒரே ஒரு வயல் மட்டும் பச்சையாய், இடுப்பு உயரக் கோரையோடு, யார் வீட்டுப் பிள்ளையோ போல நின்றது. ஒரு மூலையில் வெளுத்துப்போன சிவப்புக் கொடி. எதிர் மூலையில் முள்வேலி.

"அவன் கணக்குப் பேப்பரைப் பார்த்தேன் அரசு" என்றார் பாய். "அதுல தப்பே இல்ல. தப்பில்லைன்னு அவனுக்கும் தெரியும். அப்படியும் மாத்தியிருக்கான்னா, கணக்கைவிடப் பெரிசா ஒண்ணை நம்பியிருக்கான். அது என்னன்னுதான் புரியல."

ஒரு விஞ்ஞானி கணக்கைவிட நம்புவது சம்பளத்தைத்தான் என்றேன். அவர் பாக்கை மென்றுகொண்டு வயலையே பார்த்தார். வெயில் சாய்ந்து கோரை மேல் படுத்திருந்தது. அவர் சும்மா இருந்தால் எனக்கு வாய் அரிக்கும். அன்றும் அரித்தது.

"பாய், இந்த ஊர்ல களைக்குக்கூட அரசியல் தெரியும் போல. அந்த மூலைல பாருங்க, கட்சி மாநாட்டுக்கு வந்த மாதிரி கோரை வரிசையா நிக்குது."

பாய் மெல்லுவதை நிறுத்தினார்.

"திருப்பிச் சொல்லு."

சொன்னேன். சொல்லும்போதே எனக்கும் உறைத்தது. களை வரிசையில் முளைக்குமா? முளைக்காது. வயல் முழுக்கக் காடாய், கண்டபடி கிடந்த கோரை, கொடி நட்ட மூலைக்குப் பக்கத்தில் ஒரு பாய் விரிக்கும் இடத்தில் மட்டும் ஜாண் இடைவெளி விட்டு, குத்துக்குத்தாய், நூல் பிடித்தாற்போல் நின்றது. நடுவில் புதிதாய் முளைத்த களை கொஞ்சம் மறைத்திருந்தாலும், சாய்ந்த வெயில் வரிசையைக் காட்டிக் கொடுத்துவிட்டது.

"யாரோ அங்க தோண்டியிருக்காங்க" என்றார் பாய். "தோண்டுன இடம் சேறாத் தெரியக் கூடாதுன்னு, பிடுங்குன கோரையையே திரும்ப நட்டிருக்காங்க. அது ஒரு நடவுக்காரக் கை. காலமெல்லாம் நாத்து நட்ட கைக்குக் களையைக்கூடக் கோணலா நடத் தெரியல."

முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைப்பார்கள் என்று கேட்டிருக்கிறேன். கோரையில் மறைப்பதை அன்றுதான் பார்த்தேன். எனக்கு ஒரே குஷி. பெட்டி கிடைத்துவிட்டது, இப்ராஹிம் வெளியே வந்துவிடுவான், சஃபியா வீட்டில் பிரியாணி என்று மனசு கணக்குப் போட்டது. ஓடிப்போய் வரப்பில் குனிந்து பார்த்தேன்.

குனிந்தவன் நிமிரவில்லை.

என் அக்கா நடவுக்குப் போனவள். அவள் பின்னாலேயே வரப்பில் நடந்து வளர்ந்தவன் நான். வலது கையால் நட்டால் நாற்றுக் குத்து ஒரு பக்கமாய்ச் சாயும். நடவுக்காரர்கள் பின்னோக்கி நகர்ந்துகொண்டே நடுவதால் ஒரு வயல் முழுக்க எல்லாச் சாய்வும் ஒரே மாதிரி இருக்கும். கூட்டத்தில் ஒருத்தி மாற்றிச் சாய்த்திருந்தால் எங்கள் அக்காமார்கள் பெயரைச் சொல்லியே கேலி செய்வார்கள். இங்கே கோரை அத்தனையும் எதிர்ப்பக்கம் சாய்ந்திருந்தது.

"யார் கை, அரசு?" என்று பின்னாலிருந்து கேட்டார் பாய். குரலில் கேள்வியே இல்லை. அவருக்கும் தெரிந்துவிட்டது. இடது கையால் நீட்டிய மோர்ச் சொம்பை அவரும்தானே பார்த்தார்.

 கொஞ்சநேரம் முன்பு சொன்ன ஜோக்கைத் திருப்பி விழுங்க முடிந்தால் விழுங்கியிருப்பேன்.

"அவங்களுக்கு அது என்னன்னே தெரியாது பாய்" என்றேன். "மகனோட சாமான்னு தெரிஞ்சிருந்தா..."

"தெரிஞ்சிருந்தா இன்னிக்கு அந்தப் படத்துக்கு மாலை இருந்திருக்காது" என்றார் பாய். கரையில் உட்கார்ந்துவிட்டார். நான் அவரோடு இருக்கும் இத்தனை வருஷத்தில் ஒரு வழக்கு பிடிபட்ட நேரத்தில் அவர் உட்கார்ந்து பார்த்ததில்லை, எழுந்து நடப்பார்.

என்ன நடந்திருக்கும் என்று எங்களால் யூகிக்க முடிந்தது. மழையில் ஏதோ விழுகிறது. தடை போட்ட வயல். அதிகாரி வந்தால் போலீஸ் வரும், போலீஸ் வந்தால் மிராசுதார் ஆள் வருவான், யார் முதலில் இறங்கியது என்ற பேச்சு வரும். விழுந்த பொருளைச் சேற்றில் அமுக்கி மூடிவிட்டால் பேச்சே இல்லை. வேப்பங்குடியில் யாராயிருந்தாலும் அதைத்தான் செய்திருப்பார்கள். எங்கள் ஊரிலும் அதைத்தான் செய்திருப்பார்கள்.

பாய் தீர்மானமாகச் சொன்னார். இப்ராஹிம் வெளியே வருவதற்குப் பெட்டி போதும், யார் மூடியது என்பது தேவையில்லை. பெட்டி விழுந்த வேகத்தில் தானே சேற்றில் புதைந்துவிட்டது என்று இருக்கட்டும். அந்தத் தாய் ஒருநாளும் அறிய வேண்டாம். அறிந்தால் அப்புறம் எப்படி உயிர் வாழ்வாள் என்றார்.

"போய் அந்த வரிசையைக் கலைச்சிட்டு வா."

"சாட்சியை அழிக்கச் சொல்றீங்க."

"ஆமா" என்றார்.

நான் செருப்பைக் கழற்றிவிட்டு வயலில் இறங்கினேன். தடையை மீறி அங்கே கால் வைத்த இரண்டாவது ஆள் நானாகத்தான் இருக்கும். ஒவ்வொரு குத்தாய்ப் பிடுங்கி வீசினேன். நடவு நட்ட கையின் அழுத்தம் வேரில் இருந்தது. பெரிய ஆம்பளை நான், பிடுங்கிக்கொண்டே அழுதேன். சேற்றுக் கையால் முகத்தைத் துடைத்ததுதான் மிச்சம்.

அப்புறம் லாம்பியை எடுத்துக்கொண்டு ஆய்வுக்கூடத்துக்குப் போனேன். பாதுகாப்பு அதிகாரி கலியமூர்த்தி, விமானப்படையில் பாயோடு இருந்தவர். அந்தப் பழக்கத்தில்தான் எங்களிடம் பாதிக் கதையாவது சொல்லியிருந்தார். இரண்டு ஜீப்பில் ஆட்களோடு வந்தார். வந்தவர்கள் பூட்ஸோடு தடதடவென்று வயலில் இறங்கினார்கள். கொடியையும் பார்க்கவில்லை, வேலியையும் பார்க்கவில்லை. தடையை மீறியதாக அவர்கள் யார் மேலும் இன்றுவரை வழக்கு இல்லை. ஒரு தாய் தன் பிள்ளையையே பறிகொடுக்கும் அளவுக்குப் பயந்த உத்தரவு, அவர்கள் காலுக்குக் கீழே கோரையோடு கோரையாய் மிதிபட்டது. எனக்கு வந்த ஆத்திரத்தை எங்கே கொட்டுவது என்று தெரியவில்லை.

பெட்டி முழங்கால் ஆழத்தில் கிடைத்தது. கழுவியதும் கறுப்பாய், ஒரு கீறல் தவிர முழுசாய் இருந்தது. ஜீப் முன்பக்கத்தில் அதை வைத்தார்கள். கலியமூர்த்தி நெற்றியைத் துடைத்துக்கொண்டு, நல்லபடியாக முடிந்தது என்றார்.

பாய் அவரைச் சும்மா விடவில்லை. இவ்வளவு பெரிய மூளையைச் செய்யத் தெரிந்த உங்களுக்கு, அது காணாமல் போனால் எப்படித் தேடுவது என்று தெரியவில்லையே என்றார். அன்றைக்கே இந்த ஊரில் ஒரு தண்டோரா போட்டு, எங்கள் பொருள் ஒன்று விழுந்துவிட்டது, எந்த வயலில் இருந்தாலும் சொல்லுங்கள், வழக்கு வராது என்று சொல்லியிருந்தால் அன்று சாயங்காலமே கையில் கிடைத்திருக்கும். செய்தவனும் உயிரோடு இருந்திருப்பான்.

"ரகசியம் பாய்" என்றார் கலியமூர்த்தி. "அப்படி ஒரு பொருள் இருக்குன்னே வெளியில தெரியக் கூடாது."

பின்பு, இப்ராஹிம் இந்த வாரமே வெளியே வந்துவிடுவான் என்றார். பெட்டி மண்ணுக்குள் இருந்தபோது அவன் அதை யாருக்கும் விற்றிருக்க முடியாது.

"இளையபெருமாள்?"

கலியமூர்த்தி தரையைப் பார்த்தார். கல்நெஞ்சக்காரர் இல்லை அவர். ஆனால் ஆபீஸ்காரர்.

"அவன் சொன்ன ஊர்லயே, அவங்க வயல்லயே கெடச்சிருக்கு. அப்ப ஏன் இங்க தேட வேணாம்னு எழுதிக் கொடுத்தான்? பின்னால எடுத்துக்கலாம்னு நெனச்சிருக்கலாமேன்னு கேப்பாங்க. அந்தக் கேள்விக்குப் பதில் இல்லாம அவன் பேருல உள்ள பழியை எடுக்க என்னால முடியாது."

  பெட்டியை மூடி மறைத்தது தாய் என்ற பதில் பாயிடம் இருந்தது, ஆனால் அதைக் கொடுக்க மனசு வரவில்லை. மகனின் பெயரைக் காப்பாற்றினால் தாய் சாவாள், தாயைக் காப்பாற்றினால் மகனின் பெயர் நாறும். இப்படி ஓர் இக்கட்டில் அவர் நின்று நான் பார்த்ததில்லை.

அதற்குள் ஊர் கூடிவிட்டது. கூட்டத்தை விலக்கிக்கொண்டு அம்சம் வந்தார். வந்தவர் முதலில் வயலைத்தான் பார்த்தார். மிதித்துத் துவைத்துக் கிடந்த மூலையைப் பார்த்தார். என் சேற்றுக் கையைப் பார்த்தார். அப்புறம் ஜீப் மேல் இருந்த பெட்டியைப் பார்த்து, முகம் வெளிறிப்போய் நின்றார். தான் பிடிபட்டுவிட்டதாக மட்டும்தான் அப்போது நினைத்திருப்பார். கேஸ் போய்விட்டது, நிலம் போய்விட்டது என்ற பயம்தான் அந்த முகத்தில் இருந்தது.

பாய் கைநீட்டித் தடுப்பதற்குள், கலியமூர்த்தி முந்திக்கொண்டார். பாவம், ஆறுதல் சொல்வதாக நினைத்துத்தான் சொன்னார்.

"கவலைப்படாதீங்கம்மா. இதைத்தான் இவ்வளவு நாளாத் தேடுனோம். இது உங்க மகன் கையால செஞ்சதும்மா."

அம்சம் புரியாமல் அவரைப் பார்த்தார்.

"எம்மவன் ரேடியோல்ல செஞ்சான்?"

 அம்சம் ஜீப் அருகில் போய்ப் பெட்டியைத் தொட்டார். இடது கையால்தான் தொட்டார். மெதுவாக, காய்ச்சல்காரப் பிள்ளையின் நெற்றியைத் தொடுகிற மாதிரி.

"இதையா கேட்டான்?" என்றார்.

பாய் அவர் தோளைப் பிடித்து வரப்பில் உட்காரவைத்தார். அம்சம் அழவில்லை. ஊரைப் பார்க்கவில்லை, எங்களையும் பார்க்கவில்லை. வயலைப் பார்த்துப் பேசினார்.

"சோத்தப் பெசஞ்சுக்கிட்டே கேட்டான். சும்மா கேக்குற மாதிரி. அம்மா, மழையன்னிக்கு நம்ம வயப்பக்கம் மேலேந்து ஏதாச்சும் விழுந்துச்சான்னான். இல்லப்பான்னேன். நல்லா யோசிச்சுச் சொல்லும்மான்னான். கவருமெண்டு உத்தியோகக்காரன், தெரிஞ்சா மறைக்க மாட்டான், போய்ச் சொல்லிப்புடுவான், நெலம் போயிரும்னு எனக்குப் பயம். எந்திரிச்சுப் போயி அவன் தலையில கைய வச்சேன். ஒந்தலைமேல சத்தியமா ஒண்ணும் விழுகலப்பான்னு சொன்னேன்."

கூட்டத்தில் ஒரு பெண் வாயைப் பொத்திக்கொண்டாள். எங்கள் பக்கத்தில் கோயில் கற்பூரத்தை அணைத்துப் பொய் சொல்கிறவர்கள் உண்டு, கோர்ட்டில் பொய் சொல்கிறவர்களுக்குக் கணக்கே இல்லை. ஆனால் பெற்ற பிள்ளையின் தலையில் கைவைத்து எந்தத் தாயும் பொய் சொல்ல மாட்டாள். அந்தப் பொய் பிள்ளையின் உயிரை வாங்கிவிடும் என்பார்கள். இளையபெருமாளும் இந்த ஊரில் பிறந்து வளர்ந்தவன். காற்றையும் வேகத்தையும் கூட்டிக் கழித்த கணக்கை அவன் தூக்கிப் போட்டது எதை நம்பி என்று அப்போதுதான் புரிந்தது. தலையில் அம்மாவின் கை இருந்தபோது, தப்பு தன் கணக்கில்தான் என்று அவன் நினைத்துவிட்டான்.

"சத்தியம் பலிச்சிருச்சு தம்பி" என்றார் அம்சம்.

அதனால் இல்லைம்மா, அப்படியெல்லாம் எதுவும் இல்லைம்மா என்று பாய் திரும்பத் திரும்பச் சொன்னார். எவ்வளவோ பெரிய ஆட்களை ஒரு வார்த்தையில் மடக்கியவர். அன்று அவர் பேச்சு எடுபடவில்லை. என்னிடம் சொல்லியிருக்கக் கூடாதா அவன் என்று அம்சம் கேட்டார். சொல்லக் கூடாது என்று கையெழுத்துப் போட்டிருந்தார் என்றார் பாய். அம்சம் தலையாட்டினார். அது அவருக்குப் புரிந்தது. அவரும் யாரிடமும் சொல்லக் கூடாத ஒன்றை வைத்திருந்தவர்தானே.

அம்சம் எழுந்து கலியமூர்த்தியிடம் போனார்.

"எழுதிக்கங்க. வயல்ல எறங்குனது நான். மூடுனது நான். கேட்டப்ப இல்லன்னு சொன்னதும் நான். எம்மவன் பொய் சொல்லல. அவனுக்குக் கெடச்சது பொய்."

கலியமூர்த்தி தயங்கினார். அம்மா, தடை போட்ட நிலம், இதை எழுதினால் உங்கள் கேஸ் அதோடு முடிந்துவிடும், யோசித்துச் சொல்லுங்கள் என்றார். பாயும் அதையே சொன்னார். எழுதாமல் வேறு வழி பார்க்கலாம், நான் அலைகிறேன் என்றார். கூட்டத்திலிருந்து சங்கத்துக்காரர் ஒருவரும், அவசரப்படாதீங்க அத்தை என்று குரல் கொடுத்தார்.

"அந்த நெலத்துக்காகத்தான் பொய் சொன்னேன்" என்றார் அம்சம். "இனிமே யாருக்கு நெலம்? எழுதுங்கய்யா. அவன் பேருல ஒண்ணும் இருக்கக் கூடாது."

ஜீப்பின் மேல் பெட்டிக்குப் பக்கத்தில் காகிதத்தை வைத்துக் கலியமூர்த்தி எழுதினார்.  எழுதியதைப் படித்துக் காட்டினார். நான் எதையாவது சொல்லி எல்லோரையும் சிரிக்கவைக்க மாட்டேனா என்பது போலப் பாய் ஒருமுறை என்னைப் பார்த்தார். என்னிடம் ஒன்றும் இல்லை.

மை டப்பாவைத் திறந்து, இடது கைப் பெருவிரல் வைக்க வேண்டும் அம்மா என்றார் கலியமூர்த்தி.

மகன் தலையில் வைத்த கை அதுதான். அம்சம் முந்தானையில் அதைத் துடைத்துக்கொண்டு நீட்டினார். கோவிச்சுக்காதீங்க என்று அப்போது அவர் சொல்லவில்லை.